மணலில் உட்கார்ந்து கேட்ட குரல்

இந்த மார்கழியில் திருவாதிரையன்று மருமகள் களி கிண்டினாள். சென்னையில் எட்டாவது மாடியில் வீடு. பச்சரிசியும் பயத்தம்பருப்பும் சிவக்க வறுபட்டு, வெல்லப் பாகில் வெந்து, கடைசியில் நெய்யும் ஏலக்காயும் சேரும்போது எழும் வாசனை சமையலறையைத் தாண்டிக் கூடத்துக்கு வந்தது. சிதம்பரம் பக்கத்துக்காரனுக்கு அந்த வாசனையில் நடராசர் தேர் நினைவுக்கு வரவேண்டும். எனக்கு முதலில் வருவது பீடிப் புகையும் ஈர மணலும் தென்னங்கீற்றும் கலந்த ஒரு நெடி. அதற்குப் பின்னாலேயே ஒரு குரல். எம். எம். தண்டபாணி தேசிகரின் குரல்.

எங்கள் ஊர் சிதம்பரத்துக்குத் தெற்கே, கொள்ளிடத்துக்குப் போகும் வழியில் உள்ளடங்கி இருந்தது. அறுவடை முடிந்த திடலில் டூரிங் டாக்கீஸ் போடுவார்கள். திருவாதிரையை ஒட்டிய வாரத்தில் வேறு எந்தப் படம் ஓடிக்கொண்டிருந்தாலும் அதை எடுத்துவிட்டு ‘நந்தனார்’ போடுவது வழக்கம். தில்லை என்னும் சிதம்பரத்துக் கோயிலைக் காண ஏங்கிய ஒடுக்கப்பட்ட அடியாரின் கதை. ஜெமினியில் எடுத்து 1942இல் வெளிவந்த படம். நான் பார்க்கத் தொடங்கியபோதே அது பழைய படம்தான். ஊர் ஊராகச் சுற்றிய பிரதி என்பதால் திரையில் மேலிருந்து கீழாகக் கோடு கோடாக விழுந்துகொண்டே இருக்கும். போன வாரம் பேத்தி தன் கைப்பேசியில் அந்தப் படத்தின் ஒரு பாட்டைத் தேடி எடுத்துக் காட்டினாள். ஒரு நிமிடம் பார்த்துவிட்டு, “தாத்தா, இவர் எங்க போனாலும் ஏன் மழை பெய்யுது?” என்று கேட்டாள். சின்ன வயதில் நானும் இதே கேள்வியைக் கேட்டிருக்கிறேன். அப்போது எனக்குப் பதில் சொன்னவரைப் பற்றித்தான் இதை எழுதுகிறேன். தேசிகரைப் பற்றியும்தான். இருவரையும் என்னால் பிரித்து நினைக்க முடிவதில்லை.

அவர் எங்கள் வயலில் ஏர் ஓட்டியவர். எங்கள் தாத்தா காலத்திலிருந்தே பண்ணையில் இருந்தவர். இங்கே அவரைப் பெரியவர் என்றே எழுதுகிறேன். அன்று அப்படி அழைத்ததில்லை. என் அப்பாவை விட மூத்தவரை ஏழு வயதுப் பையன் பேர் சொல்லி, ‘வா, போ’ என்று ஏவிக்கொண்டிருந்தேன். அவர் என்னைச் சின்னய்யா என்பார். அப்படித்தான் இருந்தது. யாரும் அதைத் தவறென்று சொல்லித் தரவில்லை.

திருவாதிரைக் களியைப் பாட்டி முதலில் சாமிக்குப் படைப்பாள். எங்களுக்கு இலை போடுவதற்கு முன்பே ஒரு பங்கை வாழையிலையில் வைத்து, மேலே ஏழுகறிக் கூட்டை ஊற்றி என் கையில் கொடுப்பாள். கொல்லைப்புறம் மாட்டுக் கொட்டகை அருகே பெரியவர் நிற்பார். நான் இலையைக் கிணற்றடிக் கல்லில் வைத்துவிட்டு நாலு அடி பின்னால் வரவேண்டும். நான் நகர்ந்த பிறகுதான் அவர் குனிந்து எடுப்பார். பாட்டிக்கு அவர்மேல் பிரியம் உண்டு. களியில் அவருக்குத்தான் முந்திரி அதிகம் விழும். ஆனாலும் அந்த நாலு அடி இருந்தது.

டாக்கீஸ் கொட்டகைக்குள் அந்த நாலு அடி கிடையாது. தாத்தா பெஞ்சு டிக்கெட்டில் உட்காருவார். எனக்குப் பெஞ்சு பிடிக்காது, முன்னால் இருப்பவர் தலை மறைக்கும். பெரியவர் தரையில் மணலைக் குவித்து மேடு கட்டி, அதன்மேல் தன் துண்டை விரித்து என்னை உட்கார வைப்பார். அவர் பக்கத்தில் உட்காருவார். இருட்டில் என் முழங்கை அவர் தோளில் படும். யாரும் ஒன்றும் சொன்னதில்லை. தமிழ்நாட்டில் கோயில் செய்யத் தயங்கியதைக் கீற்றுக் கொட்டகை முன்னாலேயே செய்துவிட்டது என்று எனக்கு இப்போது தோன்றுகிறது.

ஒரே ஒரு மெஷின்தான் இருக்கும். ஒரு பாகம் முடிந்ததும் விளக்கைப் போட்டுவிட்டு அடுத்த சுருளை மாட்டுவார்கள். அந்த இடைவெளிகளில் முறுக்குத் தட்டும் சோடா பாட்டிலும் சுற்றி வரும். அப்படி ஓர் இடைவெளியில்தான் மழையைப் பற்றிக் கேட்டேன். பெரியவர் யோசித்துச் சொன்னார்: “நந்தன் அழுவுறாரு இல்ல சின்னய்யா, அதான்.”

தேசிகரை நான் முதலில் நந்தனாராகத்தான் அறிந்தேன். அவர் நடிகர் என்பதே எனக்குப் பிடிபட வெகுநாள் ஆயிற்று. அவர் முகத்தில் பெரிய நடிப்பு எதுவும் நடக்காது. கண்கள் கொஞ்சம் தாழ்ந்திருக்கும், கைகள் கூப்பியிருக்கும், அவ்வளவுதான். நந்தனின் ஆண்டையான வேதியராக வந்த செருகளத்தூர் சாமாதான் அந்தப் படத்தில் முகத்தால் நடித்தவர். தேசிகரிடம் எல்லாம் தொண்டையில் நடந்தது. ஆண்டையிடம் உத்தரவு கேட்கும்போது அந்தக் குரல் இறங்கிப் பணியும். அந்தப் பணிவுக்குள்ளேயே ஒரு பிடிவாதம் கேட்கும். உச்சத்துக்குப் போகும்போது தொண்டை இறுகாது, வாய் நிறையத் திறந்து பாடுவார். ஒரு சொல்கூட மெல்லப்படாமல், விழுங்கப்படாமல் காதில் வந்து விழும். ஒலிபெருக்கி கரகரத்த கொட்டகையிலும் கடைசி வரிசைக்குச் சொல் தெரிந்தது என்றால் அது ஓதுவார் மரபில் வந்த பாடம்.

அவர் பிறந்தது 1908இல், திருச்செங்காட்டாங்குடியில். சிறுத்தொண்டர் ஊர். தேவாரம் ஓதும் மரபில் வளர்ந்தவர். சங்கீத மேடைக்கு வந்தது அதற்குப் பிறகு. படத்துக்கு வந்தது அதற்கும் பிறகு. பேசும்படம் வந்த புதிதில் பாடத் தெரிந்தவரைத் தேடித்தான் கதாநாயகன் ஆக்கினார்கள். இரவல் குரல் வழக்கத்துக்கு வராத காலம். அந்த அலையில் பாகவதரும் சின்னப்பாவும் வந்து ராஜகுமாரர்களாகவும் காதலர்களாகவும் ஊரையே மயக்கினார்கள். தேசிகரும் அதே அலையில் வந்தார், ஆனால் அவர் காதல் செய்யவில்லை. 1936இல் ‘பட்டினத்தார்’. அடுத்து ‘வல்லாள மகாராஜா’, பிறகு ‘தாயுமானவர்’, ‘மாணிக்கவாசகர்’, ‘நந்தனார்’, 1948இல் ‘திருமழிசை ஆழ்வார்’. துறவி, அடியார், ஞானி. வல்லாள மகாராஜா மன்னர்தான், ஆனால் கேட்டதையெல்லாம் சிவனுக்குக் கொடுத்துவிடும் மன்னர். பத்து விரலுக்குள் எண்ணி முடித்துவிடலாம் அவர் படங்களை. இன்று சினிமா வரலாறு எழுதுகிறவர்கள் அவருக்கு ஒரு பத்தி கொடுத்துவிட்டு பாகவதரின் ‘ஹரிதாஸ்’ பக்கம் போய்விடுகிறார்கள். எனக்கு அதில் மனக்குறை உண்டு. அவர் தன் குரலுக்குப் பொருந்தாத ஒரு வேடத்தையும் கட்டவில்லை என்பதே பெரிய விஷயம்.

எங்கள் வீட்டில் இது பற்றி ஆண்டுதோறும் சண்டை வரும். பாட்டி கே. பி. சுந்தராம்பாள் கட்சி. 1935இல் வந்த பழைய ‘நந்தனா’ரில் அந்த அம்மாள்தான் நந்தனாராக நடித்தார், ஆண் வேடத்தில். ஒரு லட்சம் ரூபாய் வாங்கிக்கொண்டு நடித்தார் என்பதை இந்தியாவே பேசியது. வேதியராக மகாராஜபுரம் விசுவநாத ஐயர். கல்கி அந்தப் படத்தைக் கிழித்து எழுதினார் என்பதெல்லாம் பாட்டிக்கு ஒரு பொருட்டே இல்லை. “சுந்தராம்பா பாடுனா சாமி எழுந்து வரும். தேசிகர் பாடுனா நாமதான் எழுந்து போவணும்” என்பாள். தோற்கடிக்கச் சொன்ன வார்த்தை அது. இத்தனை ஆண்டு கழித்து யோசித்தால், தேசிகரைப் பற்றி அதைவிடச் சரியாக யாரும் சொல்லிவிடவில்லை.

பெரியவருக்கு இந்தக் கட்சிகளில் ஈடுபாடு இல்லை. அவர் கவலை வேறு. சிதம்பரம் போக உத்தரவு வேண்டுமானால் நாற்பது வேலி நிலத்தையும் நட்டு அறுத்து முடித்துவிட்டுப் போ என்று வேதியர் சொல்லும் கட்டம் வரும்போது அவர் நிமிர்ந்து உட்காருவார். ஒரு வேலி ஏறக்குறைய ஆறரை ஏக்கர். நாற்பது வேலி என்றால் இருநூற்று அறுபது ஏக்கருக்கு மேல். “நாப்பது வேலிக்கு எத்தன ஏர் கட்டணும் தெரியுமா? நாத்து எத்தன கட்டு? நடவுக்கு எத்தன பொம்பள ஆளு?” என்று இருட்டில் என் காதருகே கணக்குப் போடுவார். தண்ணீர் எந்த வாய்க்காலிலிருந்து வரும் என்று கேட்பார். ஒரே இரவில் சிவகணங்கள் வந்து பயிரை விளைய வைத்துவிடுவது கதை. அது அவருக்குத் திருப்தியாக இருந்ததில்லை. “கூலி யாரு குடுத்தா?” என்றார் ஒரு தடவை. நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

அந்த வேதியரே பெரியபுராணத்தில் இல்லை என்று பின்னால் படித்துத் தெரிந்துகொண்டேன். சேக்கிழார் சொல்லும் நந்தனாருக்கு ஆண்டை கிடையாது. கோபாலகிருஷ்ண பாரதியார் கீர்த்தனை எழுதியபோதுதான் ஆண்டையும், நாற்பது வேலியும், ‘உத்தரவு கொடு’ என்ற கெஞ்சலும் கதைக்குள் வந்தன. தஞ்சாவூர்ச் சீமையின் வயலையும் பண்ணையையும் பார்த்தவர் அவர். இருப்பதை எழுதினார். பெரியவர் கணக்குப் போட்டதும் அதனால்தான். அவருக்கு அது புராணமாகப் படவில்லை.

படம் வெளிவந்த 1942இல் நிலைமை என்ன என்பதையும் சொல்லவேண்டும். திருவிதாங்கூரில் 1936இலேயே எல்லாச் சாதியாருக்கும் கோயில் திறக்கப்பட்டது. மதுரையில் 1939இல் வைத்தியநாத ஐயர் ஒடுக்கப்பட்டவர்களைக் கோயிலுக்குள் அழைத்துச் சென்றார். ஆனால் சென்னை மாகாணம் முழுமைக்குமான ஆலய நுழைவுச் சட்டம் 1947இல்தான் வந்தது. ஆக, அந்தப் படத்தைக் கொட்டகைகளில் பார்த்து அழுத எத்தனையோ பேர் மறுநாள் காலை ஊர்க் கோயில் வாசலில் நிறுத்தப்பட்டவர்கள். ஒரு சட்டத்துக்கு ஐந்து வருடம் முன்பே ஒரு குரல் கெஞ்சிக்கொண்டு அலைந்தது என்பது எனக்குச் சின்ன விஷயமாகத் தெரியவில்லை.

சட்டம் வந்த பிறகும் பெரியவர் தில்லைக் கோயிலுக்குள் போனதில்லை. மார்கழியிலும் ஆனியிலும் தேர் பார்க்கப் போவார். மற்ற ஊர்களில் உற்சவர் மட்டும்தான் வீதிக்கு வருவார். சிதம்பரத்தில் மூலவரான நடராசரே கருவறையை விட்டுத் தேரேறி வருகிறார். ஏன் உள்ளே போகவில்லை என்று நான் கேட்டதற்கு அவர் சொன்னது: “நா எதுக்கு உள்ள போவணும் சின்னய்யா? அவருதான் வருசத்துக்கு ரெண்டு தரம் என்னைப் பாக்க வெளிய வராரே.” அதில் வருத்தம் இருந்ததா, நிறைவு இருந்ததா என்று அன்று எனக்குப் பிரித்தறியத் தெரியவில்லை. ஒரு முறை திருப்புன்கூருக்கு மாட்டு வண்டியில் எல்லோரும் போனோம். நந்தனாருக்கு வழி விட்டு நந்தி விலகி இருக்கும் கோயில். நான் உள்ளே போய் நந்தியைப் பார்த்துவிட்டு ஓடி வந்து, “கொஞ்சம்தான் நகர்ந்திருக்கு” என்று ஏமாற்றத்தோடு சொன்னேன். மாட்டுக்கு வைக்கோல் போட்டுக்கொண்டே, “கல்லு அவ்வளவு நவுந்ததே பெருசு” என்றார்.

எங்கள் சித்தப்பா பெரியாரின் ‘குடியரசு’ இதழ் வாங்குகிறவர். கோயில், படம் எதுவும் அவருக்கு ஆகாது. ஆனால் தேசிகர் பேர் வந்தால் எழுந்து உட்காருவார். காரணம் திருவையாறு. 1946இல் தியாகராசர் உற்சவத்தில் தேசிகர் பாடினார். பிள்ளையாரைப் பற்றித் தமிழ்ப் பாட்டொன்றைப் பாடிவிட்டார். சந்நிதி தீட்டுப்பட்டுவிட்டது என்று பேச்சு எழுந்தது. ‘குடியரசு’ அதைக் கண்டித்துக் கட்டுரை வெளியிட்டது. எழுதியவர் அப்போது இருபத்திரண்டு வயதுகூட நிரம்பாத மு. கருணாநிதி. சித்தப்பா இதைச் சொல்லும்போதெல்லாம் குரல் நடுங்கும். “நந்தனா நடிச்சவன் பாட்டுக்கே தீட்டுன்னா, நந்தனுக்கு என்ன சொல்லியிருப்பானுங்க?” என்பார்.

தேவாரம் ஓதிய வாய் அது. தில்லைக் கோயிலில் பூட்டிக் கிடந்து செல்லரித்த சுவடிகளை ராஜராஜனும் நம்பியாண்டார் நம்பியும் மீட்டெடுத்தார்கள் என்ற கதையோடு வளர்ந்த வாய். அந்த வாய்க்குத் தன் மொழியில் பாட ஒரு மேடையில் இடம் இல்லை என்பது அவரை எப்படிச் சுட்டிருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன். அவர் வாதாடியதாக நான் எங்கும் படித்ததில்லை. பாடிக்கொண்டே போனார். அண்ணாமலை செட்டியார் 1941இல் அண்ணாமலை நகரில் தமிழிசை மாநாடு கூட்டியதும், 1943இல் சென்னையில் தமிழ் இசைச் சங்கம் பிறந்ததும், அந்தச் சங்கம் 1957இல் தேசிகருக்கு இசைப் பேரறிஞர் பட்டம் கொடுத்ததும் ஒரே சரட்டில் வருபவை. பாரதிதாசன் யாழைப் பற்றி எழுதிய பாட்டொன்று இன்றைக்கும் கச்சேரிகளில் தேஷ் ராகத்தில் ஒலிக்கிறது. அதற்கு மெட்டமைத்தவர் தேசிகர். ‘ஓர் இரவு’ படத்தில் அதைக் கேட்டுக் கண் கலங்குகிறவர்களில் எத்தனை பேருக்கு இது தெரியும்? மெட்டுப் போட்டவர் பேர் மறைந்து மெட்டு மட்டும் ஊர்ச் சொத்தாகிவிடுவது இசையில் அடிக்கடி நடப்பதுதான். ஆனாலும் எனக்கு ஆறவில்லை. எங்கே அந்தப் பாட்டைக் கேட்டாலும் பக்கத்தில் இருப்பவரிடம் சொல்லிவிடுகிறேன்.

எனக்குக் கல்லூரி வயது வந்தபோது அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் சேர்த்தார்கள். தினமும் சைக்கிளில் போய் வருவேன். சேர்ந்த ஒரு வாரத்துக்குள் தெரிந்துகொண்டேன், இசைத் துறைக்குத் தலைவர் தண்டபாணி தேசிகர் என்று. பதினைந்து ஆண்டுகள் அங்கே அந்தப் பொறுப்பில் இருந்தார். அன்று மாலை வீடு திரும்பியதும் சைக்கிளைச் சாய்த்துவிட்டு நேராக மாட்டுக் கொட்டகைக்குத்தான் ஓடினேன்.

“நந்தனார் எங்க காலேஜுலதான் இருக்காரு!”

பெரியவர் தவிட்டுக் கையோடு நின்றுவிட்டார். “தில்லையிலயேவா?”

“தில்லையிலயேதான். பாட்டுச் சொல்லிக் குடுக்கறாரு.”

வெகு நேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு, “அப்ப உத்தரவு கெடச்சுருச்சு” என்றார்.

தில்லையைப் பார்க்கவேண்டும் என்று மூன்று மணி நேரம் ஏங்கிப் பாடியவர், கோபுரங்கள் கண்ணுக்குத் தெரியும் தூரத்தில் பதினைந்து ஆண்டு உட்கார்ந்து பிள்ளைகளுக்குப் பாட்டுச் சொல்லிக் கொடுத்தார். எத்தனை முறை யோசித்தாலும் எனக்கு இது அலுப்பதில்லை. அதே சிதம்பரத்தில், நந்தனார் தீயில் இறங்கியதாகச் சொல்லும் ஓமக்குளத்தில், சுவாமி சகஜானந்தர் 1916இலேயே நந்தனார் பேரில் கல்விக் கழகம் தொடங்கி ஒடுக்கப்பட்ட பிள்ளைகளைப் படிக்க வைத்துக்கொண்டிருந்தார். 1927இல் காந்தி வந்தபோது அந்த ஊரில் நந்தனாரைப் பற்றித்தான் பேசினார். இது எதுவும் எங்கள் பண்ணை வீட்டுக்குள் வந்து சேரவில்லை. ஐந்து மைல் தூரம்தான்.

தேசிகரை வளாகத்தில் சில முறை தூரத்திலிருந்து பார்த்திருக்கிறேன். வெள்ளை வேட்டி, தோளில் அங்கவஸ்திரம், நெற்றியில் திருநீறு. போய்ப் பேசியதில்லை. பேசுவதற்கு என்ன இருந்தது? ‘நீங்கள் அழுததால்தான் மழை பெய்தது’ என்றா சொல்வது?

ஒரு நாள் மாலை வளாகத்தில் அவர் கச்சேரி என்று அறிவித்தார்கள். பெரியவரைக் கூட்டிக்கொண்டு போவது என்று முடிவு செய்தேன். தாத்தா அப்போது இல்லை. அப்பாவிடம் கேட்டதற்கு, “போய்ட்டு வரட்டும், ஆனா ராத்திரி பனி” என்று மட்டும் சொன்னார். பெரியவரைப் பின்னால் உட்கார வைத்து மிதித்தேன். “நா மிதிக்கிறேன், நீங்க குந்துங்க” என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டே வந்தார். அவருக்கு சைக்கிள் விடத் தெரியாது.

மண்டபத்தின் வாசல் வரை வந்தார். அதற்கு மேல் வரவில்லை. பக்கத்தில் ஒரு வேம்பு இருந்தது, அதன் அடியில் நின்றுகொண்டார். தலைத் துண்டை அவிழ்த்து இடுப்பில் கட்டிக்கொண்டார். “நீங்க போங்க சின்னய்யா, இங்கயே நல்லா கேக்குது” என்றார். சன்னல் திறந்துதான் இருந்தது. கேட்கவும் கேட்டது. எனக்கு உள்ளே போக மனம் வரவில்லை, அவரை இழுக்கவும் தெரியவில்லை. இருவரும் நின்றுகொண்டிருந்தோம்.

வாசலில் காவலுக்கு இருந்தவர் எங்களைப் பார்த்துவிட்டு வந்தார். நடுத்தர வயது, காக்கிச் சட்டை. விரட்டப்போகிறார் என்று நினைத்தேன். பெரியவர் அதற்குள் இரண்டடி பின்வாங்கியிருந்தார்.

“ஏன் பெரியவரே பனியில நிக்கிறீங்க? உள்ள போயி உக்காருங்க. எடம் இருக்கு” என்றார் காவலர்.

‘நீங்க.’ என் வாழ்நாளில் அவரை நோக்கி ஒருவர் அந்தச் சொல்லைச் சொல்லி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. பத்து வருடமாக மணல் மேடு கட்டி, துண்டை விரித்து என்னை உட்கார வைத்தவர். எனக்கு வராத சொல் யாரோ ஒருவருக்கு எவ்வளவு எளிதாக வந்துவிட்டது! முகம் காந்தியது. பெரியவர் என்னைப் பார்த்தார். உத்தரவு கேட்கிறார் என்று புரிந்தது. “வாங்க, போவலாம்” என்றேன். நாக்கு தடுமாறியது. அவர் கவனித்தாரா என்று தெரியாது.

உள்ளே நாற்காலி காலியாக இருந்தும் பின்சுவர் ஓரமாகத் தரையில் உட்கார்ந்தார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். கொட்டகையில் உட்கார்ந்தது போலவே, தோளில் முழங்கை பட.

தேசிகர் தேவாரத்தில் தொடங்கினார். படத்தில் கேட்டதை விடக் குரல் கனத்திருந்தது, வயதாகியிருந்தது. ஆனால் சொல் அப்படியே, தேங்காய் உடைத்தது போல. ராகத்தை நீட்டி வித்தை காட்டவில்லை. பாட்டுக்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவு. லதாங்கி ராகம் பாடினார். நந்தனார் படத்துக்காக பாபநாசம் சிவன் எழுதிய, இனிப் பிறக்காதிருக்க வரம் கேட்கும் பாட்டு. கேட்டுக் கேட்டு எனக்கு மனப்பாடம். பெரியவருக்கும் மனப்பாடம். அவர் உதடு அசைந்துகொண்டிருந்தது. கடைசிப் பகுதியில் கோபாலகிருஷ்ண பாரதியார் கீர்த்தனை வந்தது. திரையில் மழைக் கோடுகளுக்கு நடுவே கேட்ட அந்தக் கெஞ்சல், இப்போது கோடு இல்லாமல், கரகரப்பு இல்லாமல், ஒரு மனிதனின் தொண்டையிலிருந்து நேராக வந்தது. பெரியவர் அழவில்லை. கொட்டகையில் அழுகிறவர், இங்கே அழவில்லை. கண்ணைத் திறந்து, தலையைச் சற்றுச் சாய்த்து, யாரோ தன்னிடம் ஏதோ சேதி சொல்வது போலக் கேட்டுக்கொண்டிருந்தார்.

முடிந்து வெளியே வரும்போது ஒன்பதைத் தாண்டிவிட்டது. ஊர் திரும்ப நகரத்தின் ஊடாக வந்து தெற்கு வீதி வழியாக இறங்கவேண்டும். கடைகள் சாத்தியிருந்தன. தெற்குக் கோபுரம் இருட்டில் கருங்குன்று போல நின்றது. உள்ளிருந்து அர்த்தசாம மணி கேட்டது. பெரியவர் என் முதுகைத் தொட்டார். “நிறுத்துங்க” என்றார்.

இறங்கினார். துண்டை உதறி மேலே போட்டுக்கொண்டார். கோபுரத்தை அண்ணாந்து பார்த்தார். நான் உடன் வரவா என்று கேட்க வாயெடுத்தேன். என் சைக்கிளுக்குப் பூட்டு இல்லை. அவரும், “வண்டியப் பாத்துக்கங்க” என்று சொல்லிவிட்டு வாசலை நோக்கி நடந்தார். நடை வயலில் வரப்பில் நடப்பது போலவே இருந்தது, நிதானமாக. நிலைவாசலில் ஒரு கணம் நின்றார். யாரும் எதுவும் கேட்கவில்லை. கேட்க அங்கே யாருமே இல்லை. உள்ளே போனார்.

நான் சைக்கிளைப் பிடித்துக்கொண்டு தெருவில் நின்றேன். பனி இறங்கியது. வெளியே நிற்பவனுக்குக் கோயில் எவ்வளவு பெரியது என்று அன்றுதான் பார்த்தேன்.

பிறகு பல ஆண்டுகள் ஓடின. தேசிகர் 1972இல் காலமானார். பெரியவர் அதற்கு முன்பே போய்விட்டார். டூரிங் டாக்கீஸ் இருந்த திடலில் இப்போது திருமண மண்டபம். 2008இல் தில்லைச் சிற்றம்பல மேடையில் தேவாரம் பாட அரசாணை வந்து, முதிய சிவனடியார் ஆறுமுகசாமி ஏறிப் பாடியதைத் தொலைக்காட்சியில் பார்த்தபோது, அந்த மேடையில் தேசிகர் குரல் எப்படி ஒலித்திருக்கும் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன்.

மருமகள் களித் தட்டைக் கொண்டுவந்து வைத்தாள். முந்திரி நிறையப் போட்டிருந்தாள். பேத்தி இன்னும் அந்தப் படத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். “தாத்தா, அப்புறம் அவரு உள்ள போனாரா?” என்றாள். திரையில் இருப்பவரைத்தான் கேட்டாள்.

அன்று பெரியவர் அரை மணி நேரம் கழித்து வந்தார். திருநீறு பூசியிருந்தார். சைக்கிளில் ஏறி உட்கார்ந்து, தெற்கு வீதி தாண்டும் வரை ஒன்றும் பேசவில்லை. ஊர் எல்லை தாண்டி இருபுறமும் வயல் வந்த பிறகு பின்னாலிருந்து குரல் வந்தது.

“உள்ள தரை சில்லுன்னு இருக்கு சின்னய்யா.”

கொஞ்ச தூரம் போன பிறகு லதாங்கியை முணுமுணுக்கத் தொடங்கினார்.